அடி கறுக்காத சட்டி

கொட்டியாரக் குடாவுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பிள்ளைப்பேறு பார்த்த மருத்துவிச்சிமார் எல்லோருக்கும் புஸ்பராணி மிஸியைத் தெரியும். அவளைக் கண்டால் கொஞ்சம் பயமும் உண்டு. சுகாதாரப் பகுதியிலிருந்து வருகிற மற்றத் தாதிமார் வீட்டுக்குள் காலை வைத்ததும் சுகம் விசாரிப்பார்கள், பிள்ளைகளின் படிப்பைக் கேட்பார்கள். புஸ்பராணி நேரே குசினிக்குப் போவாள். அரசாங்கம் கொடுத்த மருத்துவிச்சிப் பெட்டியைத் திறந்து, அதற்குள் இருக்கிற சின்ன அலுமினியச் சட்டியை எடுத்துக் கவிழ்த்து, அடியைப் பார்ப்பாள். அடி கறுத்திருந்தால் கதிரையில் உட்கார்ந்து தேத்தண்ணி கேட்பாள். பளபளவென்று இருந்தால் அன்றைக்கு அந்த வீட்டில் ஒருவருக்கும் நல்ல பொழுது இல்லை. 'சட்டி கவிழ்க்கிற மிஸி' என்று முதுகுக்குப் பின்னால் பட்டம் வைத்திருந்தார்கள். வைத்தவர்களைக் குறை சொல்ல முடியாது. பாத்திரத்தைத் துலக்கி வைத்ததற்குப் பேச்சு வாங்கினால் யாருக்குத்தான் சிரிப்பு வராது? ஆனால் அந்தப் பழக்கம் அவளுக்கு வந்த கதை சிரிக்கிற கதை இல்லை.

புஸ்பராணி தம்பலகாமத்துப் பெண். தகப்பன் வயல் செய்தவர். அவளுக்குப் பின்னால் தாய் பெற்ற இரண்டு பிள்ளைகளும் நிலைக்கவில்லை. முதலில் பிள்ளை பால் குடிக்காது. பிறகு வாய் பூட்டிக்கொள்ளும். பிறகு யாராவது தொட்டாலும், கதவு சாத்துகிற சத்தம் கேட்டாலும் உடம்பு வில்லாக வளைந்து இழுக்கும். ஊரில் அதற்கு ஏழாம் நாள் இழுப்பு என்று பெயர். பேயடித்தது என்பார்கள், கண்ணூறு என்பார்கள், நூல் கட்டுவார்கள், பிறகு புதைப்பார்கள். கொழும்பில் தாதிப் படிப்புப் படித்தபோதுதான் அது தொப்புள்கொடியை வெட்டுகிற அலகிலிருந்து வருகிற நோய் என்று அவளுக்குத் தெரிந்தது. பாடம் நடந்துகொண்டிருக்கையிலேயே எழுந்து வெளியே போய் அழுதாளாம். பேயென்றால் மனிசரால் என்ன செய்ய முடியும் என்று மனதை ஆற்றிக்கொள்ளலாம். ஒரு பானை கொதிதண்ணீர் இருந்திருந்தால் தன் தம்பிமார் இருவரும் இருந்திருப்பார்கள் என்பதை எப்படி ஆற்றிக்கொள்வது?

அதனால்தான், மூதூர்ப் பக்கத்து மருத்துவிச்சிமாருக்கு வகுப்பெடுக்க ஆள் தேடியபோது புஸ்பராணி தானாகவே கேட்டு வாங்கிக்கொண்டாள். அறுபதுகளின் தொடக்கம் அது. அந்தப் பக்கத்தில் அரசாங்க மருத்துவமாதர் போதாது. மழை பெய்தால் பாதையும் இல்லை. பிள்ளைகள் வீட்டில்தான் பிறந்தன. பிடித்து எடுத்தவர்கள் எழுத்து வாசனை இல்லாத, கைப்பழக்கத்தால் தொழில் அறிந்த பெண்கள். அந்தப் பெண்களைத் திருத்தினால் இழுப்பு நிற்கும் என்று புஸ்பராணி நம்பினாள். டவுனில் இருந்த ஓர்ஸ் ஹில் குவார்ட்டர்ஸைப் பூட்டிவிட்டு, குடாவைக் கடக்கிற லாஞ்சியில் ஏறினாள்.

படிப்பிக்கச் சொல்லிக் கொழும்பிலிருந்து ஒரு படச்சுருள் வந்திருந்தது. அதில் ஒரு பெண் கண்டிச் சேலை உடுத்து இரும்புக் கட்டிலில் படுத்திருந்தாள். பக்கத்தில் தண்ணீர்க் குழாய். கட்டிலும் குழாயும் இல்லாத ஊரில் அதை விரித்தபோது, பெண்கள் அந்தச் சேலை என்ன விலை வரும் என்று கதைக்கத் தொடங்கிவிட்டார்கள். புஸ்பராணி படத்தைச் சுருட்டி வைத்தாள். பழைய படுக்கைவிரிப்பை வெட்டி, இலவம்பஞ்சு அடைத்து, ஒரு பொம்மைப் பிள்ளை தைத்தாள். சிவப்புத் துணியையும் நீலத் துணியையும் முறுக்கித் தொப்புள்கொடி செய்தாள். வெட்டினால் மறுபடி பூட்டுகிற மாதிரி அதில் அமுக்குப் பொத்தான் வைத்தாள். ஒரு பனையோலைக் கடகத்தைத் துணியால் மூடிக் கர்ப்பப்பை என்றாள். முதல் நாள் எல்லோரும் வாயைப் பொத்திச் சிரித்தார்கள். மூன்றாம் வகுப்பில் பொம்மையைத் தலைகீழாகத் தூக்கினால் சண்டைக்கு வந்தார்கள்.

அலகையும் நூலையும் இருபது நிமிசம் கொதிக்கவைக்க வேண்டும் என்ற இடத்தில்தான் பாடம் முட்டுப்பட்டது. இருபது நிமிசம் என்றால் எவ்வளவு என்று ஒருவருக்கும் தெரியவில்லை. மணிக்கூடு உள்ள வீடு அந்தக் கிராமத்தில் இல்லை. அப்போது முன்வரிசையில் இருந்த றுக்கியா கதைத்தாள். நாற்பத்தைந்து வயதிருக்கும். அந்தப் பக்கத்தில் பாதிப் பிள்ளைகள் அவள் கையில்தான் பிறந்தவை.

"ஒரு யாசீன் ஓதி முடிக்கிற நேரம் எண்டு சொல்லுங்களன் மிஸி."

குர்ஆனில் வருகிற யாசீன் அங்கிருந்த பெண்கள் எல்லோருக்கும் மனப்பாடம். றுக்கியா ஓத, புஸ்பராணி கைமணிக்கூட்டைப் பார்த்தாள். ஏறக்குறைய இருபது நிமிசம். புஸ்பராணிக்குத் தலைகால் தெரியாத சந்தோசம். தெரிந்ததை வைத்துத் தெரியாததைப் படிப்பி என்று அவளுக்குச் சொல்லித் தந்திருந்தார்கள். அது இவ்வளவு அழகாகக் கைக்கு வரும் என்று அவள் நினைக்கவில்லை.

வகுப்பு நடந்தது தென்னங்கிடுகு வேய்ந்த ஒரு பள்ளிக்கூடக் கொட்டகையில். மாதமோ கச்சான் காற்று அள்ளி வீசுகிற மாதம். உள்ளே நெருப்பு மூட்டவே கூடாது என்று தலைமை வாத்தியார் சொல்லிவிட்டார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. போன கச்சானுக்கு ஒரு பொறி பறந்து ஒரு தெருவே எரிந்திருந்தது. வெளியே மூட்டினால் காற்று அணைத்தது. சரி, அடுப்பு எரிகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள் என்றாள் புஸ்பராணி. மூன்று கல்லை வைத்து, அதன்மேல் சட்டியை வைத்து, தண்ணீர் ஊற்றி, அலகையும் நூலையும் போட்டு மூடினார்கள். ஒவ்வொருவரும் முழு யாசீன் ஓதினால் பொழுது போய்விடும் என்பதால் வகுப்பில் மட்டும் குர்ஆனின் முதல் சின்ன அத்தியாயமான பாத்திஹா போதும் என்றாள். ஓதினார்கள், திறந்தார்கள், இடுக்கியால் அலகை எடுத்தார்கள், பொம்மையின் கொடியை வெட்டினார்கள். ஒருத்திக்கும் கை தவறவில்லை. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று புஸ்பராணி பள்ளிக்கூடத்தில் படித்தவள்தான். தான் வைத்திருப்பது ஏட்டு அடுப்பு என்று அவளுக்குத் தோன்றவில்லை.

கடைசி நாள் சோதனைக்கு டொக்டர் சோமசேகரம் வந்தார். பகுதிச் சுகாதார அதிகாரி. சட்டியை மூடிப் பெண்கள் ஒரே குரலில் ஓதியதைக் கண்டு அவர் மலைத்துப் போனார். இந்த முறையைப் பற்றிக் கொழும்புக்கு எழுதினார். படிப்பிக்கிறவர்களுக்கே படிப்பிக்கப் புஸ்பராணியை அங்கே கூப்பிடப் போகிறார்கள் என்று கந்தோர் மேசைகளில் கதை அடிபட்டது. பெண்கள் ஆளுக்கொரு மருத்துவிச்சிப் பெட்டியோடு வீட்டுக்குப் போனார்கள்.

அந்த வருசமும் ஏழாம் நாள் இழுப்பு வந்தது. முதலில் ஒரு மீன்பிடிகாரர் வீட்டில். பிறகு கட்டைபறிச்சான் போகிற வழியில் ஒரு வீட்டில். இரண்டும் றுக்கியா பார்த்த பேறுகள். புஸ்பராணிக்கு வந்தது கோபம். இவ்வளவு படிப்பித்தும் இந்த மனிசி பழைய அலகால் வெட்டியிருக்கிறாள் என்றுதான் அவள் முடிவு கட்டினாள். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். படிப்பிக்கத் தெரியாதவளுக்கும் எப்போதும் மாணாக்கர்தான் கோணல்.

கையும் மெய்யுமாகப் பிடிக்கிற எண்ணத்தில் சொல்லாமல் கொள்ளாமல் றுக்கியாவின் வீட்டுக்குப் போனாள். பெட்டி அலுமாரியின் மேல்தட்டில், வெள்ளைத் துணியால் மூடி இருந்தது. அலகு புதிது, நூல் துப்புரவு, சவர்க்காரம் பாதி கரைந்திருந்தது. சட்டியை எடுத்துத் திருப்பினாள். அடியில் அவளுடைய முகம் தெரிந்தது. கண்ணாடி மாதிரி வைத்திருக்கிறீர்கள் ராத்தா என்று பாராட்டிவிட்டு, வேறு ஏதோ காரணம் இருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டு திரும்பினாள். கையில் வைத்துக்கொண்டே பார்த்தாள். அதில் தன் முகத்தைத்தான் கண்டாள்.

றுக்கியாவுக்கு ஒரே மகள், ஜெமீலா. அவளுக்குத் தலைப்பிள்ளை றுக்கியாவின் கையிலேயே பிறந்தது, ஆண். கிழமை ஒன்று ஆகவில்லை, லாஞ்சி ஓட்டுகிற றஊப் குவார்ட்டர்ஸ் வாசலில் வந்து நின்றான். றுக்கியா ராத்தா உடனே வரச் சொன்னதாகச் சொன்னான். பிள்ளை பால் குடிக்கவில்லையாம். புஸ்பராணி அப்படியே லாஞ்சிக்கு நடந்தாள். குடாவைக் கடக்கிற நேரம் முழுக்க றஊப் அவள் முகத்தைப் பார்க்காமலே லாஞ்சி ஓட்டினான்.

யன்னலுக்குச் சேலை கட்டி அறையை இருட்டாக்கியிருந்தார்கள். ஜெமீலா பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு அசையாமல் இருந்தாள். புஸ்பராணி உள்ளே வந்தபோது கதவுப் பிணைச்சல் மெதுவாகக் கிரீச்சிட்டது. அவ்வளவுதான். பிள்ளை வில்லாக வளைந்தது. தம்பலகாமத்து வீட்டில் கண்டது முழுவதும் புஸ்பராணிக்குக் கண்முன்னால் வந்தது. பின்னேர லாஞ்சியில் டவுன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகலாம் என்று சொன்னாள். அதுவரை தாங்காது என்று அவளுக்குத் தெரியும். றுக்கியாவுக்கும் தெரிந்திருக்கும்.

றுக்கியா அவளைக் குசினிக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அழவில்லை. நான் செய்ததை ஒருக்கால் பாருங்கள், எங்கே பிழைத்ததென்று எனக்குத் தெரிய வேண்டும் என்றாள். அடுப்பில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது. அதற்கு ஒரு கை எட்டத்தில், நிலத்தில், வேறாக மூன்று கல் இருந்தது. வெள்ளையாக, கழுவித் துடைத்த கற்கள். றுக்கியா சட்டியை அந்தக் கற்களின்மேல் வைத்தாள். கிணற்றுத் தண்ணீர் ஊற்றினாள். அலகையும் நூலையும் போட்டு மூடினாள். மூடியின்மேல் உள்ளங்கையை வைத்து யாசீன் ஓதத் தொடங்கினாள். வகுப்பில் ஓதிய பாத்திஹா இல்லை, முழு யாசீன், ஓர் எழுத்து விடாமல். ஓதி முடித்துச் சட்டியை அடுப்பில் வைப்பாள் என்று புஸ்பராணி காத்துக்கொண்டிருந்தாள். றுக்கியா ஓதி முடித்தாள், மூடியைத் திறந்து தண்ணீருக்கு ஊதினாள், இடுக்கியால் அலகை வெளியே எடுத்தாள்.

"ராத்தா, அடுப்பில வைக்கேல்லையா?"

"அடுப்பிலயா? வகுப்பில நாம அடுப்பில வைக்கல்லயே." றுக்கியா அவளை விளங்காமல் பார்த்தாள். "கல்லுல வச்சு ஓதினம். ஓதின தண்ணி மருந்துதானே மிஸி. எங்கட ஆக்களுக்கு அது எப்பவும் தெரியும். கவர்மெண்டும் அதத்தான் செல்லுதெண்டு நான் சந்தோசப்பட்ட நான்."

புஸ்பராணிக்கு அப்போதுதான் விளங்கியது. டவுனில் பள்ளிவாசல் வாசலில், தொழுது வருகிறவர்கள் ஓதி ஊதுவதற்காகத் தண்ணீர்ப் போத்தலோடு தாய்மார் நிற்பதை அவள் எத்தனையோ தரம் கண்டிருக்கிறாள். இந்துப் பெண்கள்கூட நின்றிருக்கிறார்கள். ஓதின தண்ணீர் காய்ச்சலுக்குக் கொடுப்பது, பயந்த பிள்ளைக்குத் தெளிப்பது, எல்லாம் தெரிந்தவள்தான். தெரிந்தும், ஒரு சட்டித் தண்ணீரையும் யாசீனையும் நெருப்பில்லாமல் இவர்கள் கையில் கொடுத்தாள். மருத்துவிச்சிமாருக்குக் கொதிக்கவைக்கத் தெரியாமல் இல்லை. சோறு சமைக்கிற பெண்களுக்கு அது தெரியாதா? அரசாங்கத்துச் சட்டிக்கு அது தேவையில்லை என்று அவளே கையைப் பிடித்துப் படிப்பித்திருந்தாள்.

"நான் எத விட்டுட்டன் மிஸி?" என்று றுக்கியா கேட்டாள்.

பொய் சொல்ல வசதி இருந்தது. அலகில் பிழை, நூலில் பிழை, விதி என்று எதையாவது சொல்லியிருக்கலாம். அந்த முகத்தைப் பார்த்துச் சொல்ல வாய் வரவில்லை.

"நீங்கள் ஒண்டும் விடேல்ல ராத்தா. நெருப்பை விட்டது நான்."

றுக்கியா அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு சோற்றுப் பானையை இறக்கி வைத்தாள். அடுப்பில் தண்ணீர் ஊற்றி அணைத்தாள். மகளிடம் போனாள். பின்னேர லாஞ்சி வருமுன்பே பிள்ளை அடங்கிவிட்டது.

டொக்டர் சோமசேகரம் கெட்ட மனிதர் இல்லை. புஸ்பராணி சொன்னதைக் கேட்டு அவருக்கு முகம் வெளுத்தது. ஆனால் கந்தோர்க்காரர். படிப்பித்தது சரி, விளங்கிக்கொண்டதுதான் பிழை என்றார். றுக்கியாவிடமிருந்து பெட்டியைப் பறித்துவிட்டால் விசயம் முடிந்தது என்றார். பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பது இதுதான். புஸ்பராணி அதற்குச் சம்மதிக்கவில்லை. மற்றப் பெண்களின் வீட்டிலும் அதே சட்டி இருக்கிறதென்றும், தான் வீடு வீடாகப் போய்ச் சொல்லப் போவதாகவும், முறை பிழை என்று கொழும்புக்கும் எழுதப் போவதாகவும் சொன்னாள். அப்படியென்றால் கொழும்பை மறந்துவிட வேண்டியதுதான் என்றார் டொக்டர். மறந்தாள்.

ஒரு மண்ணெண்ணெய் அடுப்பைத் தூக்கிக்கொண்டு போனாள். ஒவ்வொரு வீட்டிலும் சட்டியைக் கவிழ்த்தாள். தண்ணீர் என்றால் கொதிக்கவைக்கத்தானே வேண்டும் என்று தாங்களாகவே அடுப்பில் ஏற்றிய இரண்டொரு பெண்களின் சட்டி கறுத்திருந்தது. மற்றதெல்லாம் பளபளத்தது. பளபளத்த வீடுகளில், எந்தெந்தப் பேறு பார்த்தீர்கள், பிள்ளைகள் எப்படி என்று கேட்டாள். சிலர் அவளைத் தாய்மாரிடமே கூட்டிக்கொண்டு போனார்கள். தாய்மாருக்கும் அவள் உண்மையைச் சொன்னாள். எல்லோரும் அல்லாஹ் தந்தான், அவனே எடுத்தான் என்றார்கள். அசனா என்கிற ஒருத்தி மட்டும் முழுவதையும் கேட்டுவிட்டுக் கதவைச் சாத்தினாள். அந்தக் கதவுதான் நியாயமான கதவு என்று புஸ்பராணிக்குப் பட்டது. அடுப்பைத் தூக்கிக்கொண்டு அடுத்த வீட்டுக்கு நடந்தாள்.

காற்று விழுந்தபிறகு வகுப்பை மறுபடி வைத்தாள், திறந்த வளவில், அடுப்பு மூட்டி. றுக்கியாவும் வந்து கடைசியில் உட்கார்ந்தாள். பெட்டியைக் கொண்டுவரவில்லை. இந்தமுறை ஓதவே வேண்டாம், மணிக்கூடு வாங்கித் தருகிறேன் என்றாள் புஸ்பராணி. பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஓதினதால்தான் பிள்ளைகள் போனதா என்ற கேள்வி எல்லோர் முகத்திலும் இருந்தது. றுக்கியா எழுந்தாள்.

"ஓதுங்க. அடுப்பப் பத்தவச்சிட்டு ஓதுங்க. ஓதினதில பிழை இல்ல."

சொல்லிவிட்டு முக்காட்டை இழுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டாள். அன்றைக்குப் பெண்கள் கொதிக்கிற தண்ணீருக்கு முன்னால் முழு யாசீனும் ஓதினார்கள்.

அதற்குப் பிறகு றுக்கியா பேறு பார்க்கப் போகவில்லை. கூப்பிட வந்தவர்களைத் திருப்பி அனுப்பினாள். கொஞ்ச நாளில் கூப்பிடுவதும் நின்றது. அவளுக்குக் கை ராசியில்லை, சொந்தப் பேரனையே விழுங்கின கை என்று ஊர் கதைத்தது. புஸ்பராணி போகிற இடமெல்லாம் பிழை தன்னுடையது என்று சொன்னாள். ஊர் அதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டுத் தன் கதையையே கதைத்தது.

ஜெமீலா மறுபடி கர்ப்பமானபோது புஸ்பராணி டவுன் ஆஸ்பத்திரியில் கட்டில் சொல்லி வைத்தாள். ஜெமீலா வரமாட்டேன் என்றாள். "நானும் ஆஸ்பத்திரிக்குப் போனா ஊர் செல்றது உண்மையாப் போயிரும். உம்மாட கையிலதான் பெறுவன்." றுக்கியா ஏலாது என்றாள். தாயும் மகளும் நாட்கணக்கில் கதைக்காமல் இருந்தார்கள். கடைசியில் றுக்கியா ஒரு நிபந்தனையோடு இறங்கி வந்தாள். மிஸி வந்து அடுப்புக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும்.

புஸ்பராணி வந்து நின்றாள். வலி தொடங்கியதுமே றுக்கியா சட்டியை எரிகிற அடுப்பில் வைத்துவிட்டாள். யாசீன் ஓதி முடித்தாள், இறக்கவில்லை. மறுபடி தொடக்கத்திலிருந்து ஓதினாள். தண்ணீர் வற்ற வற்ற ஊற்றிக்கொண்டிருந்தாள். பிள்ளை பிறந்து வீரிட்டு அழுதபோதும் சட்டி கொதித்துக்கொண்டுதான் இருந்தது. போதும் ராத்தா என்று புஸ்பராணி சட்டியை இறக்கி வடித்து, ஆறவிட்டுப் பக்கத்தில் வைத்தாள். றுக்கியா இடுக்கியை அவளிடம் நீட்டினாள்.

"நீங்க வெட்டுங்க மிஸி."

வெட்டுவது புஸ்பராணிக்கு ஒரு பெரிய காரியம் இல்லை. ஆனால் அன்றைக்கு அவள் வெட்டியிருந்தால் றுக்கியாவின் கையைப் பற்றி ஊர் சொன்னதற்கு அவளே சாட்சி. பொம்மையின் கொடியை நூறு தரம் பூட்டி வெட்டியவள், கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"உங்கட கைதான் ராத்தா."

றுக்கியா பிஸ்மி சொல்லி வெட்டினாள். பெண் பிள்ளை.

ஏழாம் நாள் முடி இறக்கிப் பெயர் வைக்கிற சடங்கை, முதலில் அந்த நாள் தாண்டட்டும் என்று அந்த வீட்டில் தள்ளி வைத்திருந்தார்கள். அன்று புஸ்பராணி லாஞ்சியில் வந்து இறங்கியபோது வாசலில் ஒருவரும் இல்லை. உள்ளே ஜெமீலா பிள்ளையை மார்பில் போட்டிருந்தாள். பிள்ளை குடித்துக்கொண்டிருந்தது. மூன்று பெண்களும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிள்ளை வயிறு நிறையக் குடித்து, வாயைத் தளர்த்தி, தூங்கிப்போனது. யாரோ கதவைச் சாத்தினார்கள். பிள்ளை அசையவில்லை.

புஸ்பராணி புறப்பட்டபோது றுக்கியா இறங்குதுறை வரை வந்தாள். கையில் மருத்துவிச்சிப் பெட்டி. திறந்து சட்டியை எடுத்துக் காட்டினாள்.

"அடி கரி புடிச்சிட்டு மிஸி. சாம்பல் போட்டுத் தேச்சன், போகல்ல. எடுத்திட்டுப் போங்க."

"ஏன் ராத்தா? இனி ஊர் உங்களைக் கூப்பிடும்."

"கூப்பிடும்." றுக்கியா தன் உள்ளங்கைகளைப் பார்த்தாள். "இந்தக் கை ஒண்ட எடுத்து ஒண்டக் குடுத்திட்டு. எனக்குப் போதும். மத்த ரெண்டு வீட்டுக்கும் குடுக்க எங்கிட்ட ஒண்டும் இல்லயே."

புஸ்பராணிக்கும் கொடுக்க ஒன்றும் இல்லை. அவள் வகுப்பால் வெறுமையான வீடுகள் இரண்டு இல்லை, அதைவிட அதிகம். அதை இரண்டு பேரும் அறிந்திருந்தார்கள். பெட்டியை வாங்கிக்கொண்டு லாஞ்சியில் ஏறினாள். பெட்டியைக் காலடியில் வைத்துவிட்டுச் சட்டியை மட்டும் மடியில் வைத்திருந்தாள்.

நடுக்கடலில் றஊப் திரும்பிப் பார்த்தான்.

"மிஸி, வெள்ளை உடுப்பெல்லாம் கரி."

"ஓம், தெரியும்," என்றாள் புஸ்பராணி. சட்டியை மடியிலிருந்து எடுக்கவில்லை.